என் நாட்டு அமாவாசை

என் நாட்டில் ஒரு மாதத்துக்கு இருபத்தெட்டு நாள். ஒன்று கூடாது, ஒன்று குறையாது. அப்படிப் பதின்மூன்று மாதங்கள். மொத்தம் முந்நூற்று அறுபத்து நான்கு. மிஞ்சிய ஒரு நாளை எந்த மாதத்தோடும் ஒட்டாமல் தனியே நிறுத்தியிருந்தேன். அதற்குப் ‘பிரட்டு இல்லாத நாள்’ என்று பெயர். பத்தொன்பது வயதுவரை நான் செய்த காரியங்களிலேயே எனக்குப் பிடித்தது அந்தக் காலண்டர்தான். அதனால்தான் என் அண்ணி சிறைக்குப் போனார். போனார் என்று எழுதுவதுகூட ஒருவகை ஏமாற்று. அனுப்பினேன் என்று எழுத வேண்டும்.

கோலா பிலா சாலையிலிருந்து செம்மண் பாதையில் உள்ளே போனால் வரும் ரப்பர்த் தோட்டம் எங்களுடையது. எங்களுடையது என்றால், அப்பாவும் அம்மாவும் மரம் சீவிச் செத்த இடம். விடியுமுன் ஆட்களை வரிசையில் நிறுத்திப் பேர் கூப்பிட்டு வேலைக்கு அனுப்புவதைப் பிரட்டு என்போம். கம்யூனிஸ்டுகளை ஒடுக்க வெள்ளைக்கார அரசாங்கம் மலாயாவில் அவசரகாலம் அறிவித்தபிறகு நாள் முழுவதுமே பிரட்டாகிவிட்டது. சிதறிக் கிடந்த லயங்களை, எங்கள் வரிசை வீடுகளை, பிரித்துக் கொண்டுவந்து ஒரே இடத்தில் நெருக்கிக் கட்டி, சுற்றிலும் இரண்டு அடுக்குக் கம்பி வேலி போட்டார்கள். வேலிக்கு ஒரே கேட். மாலையில் சங்கு ஊதினால் உள்ளே, காலையில் ஊதினால் வெளியே. காட்டுக்குள் இருந்து சண்டை போடுகிறவர்களுக்குச் சாப்பாடு போய்விடக் கூடாது என்று அரிசியை அளந்து கொடுத்தார்கள். கேட்டைத் தாண்டி ஒரு பருக்கை போகக் கூடாது. மரம் சீவப் போகிறவர்கள் வெறும் தேத்தண்ணியோடு போய் வெறும் வயிற்றோடு திரும்பினார்கள்.

எங்கள் குடும்பத்தில் கைநாட்டு வைக்காமல் கையெழுத்துப் போட்ட முதல் ஆள் நான். தோட்டத்துத் தமிழ்ப்பள்ளியில் ஆறு வகுப்பு, பிறகு கோலா பிலாவில் இங்கிலீஷ் பள்ளிக்கூடம். அப்பாவும் அம்மாவும் போனபிறகு என்னைப் படிக்க வைத்தவர் அண்ணன். அவரும் அண்ணியும் சீவிய பாலில்தான் என் பள்ளிக்கூடச் சட்டை வெளுப்பாக இருந்தது. படிப்பு முடிந்ததும் தோட்ட ஆபீசில் தற்காலிகமாக டைப் அடிக்கச் சேர்த்துக்கொண்டார்கள். “சின்னக் கிராணி வேல காலியாகப் போவுது. வாய வச்சிக்கிட்டு சும்மா இருந்தீனா உனக்குத்தான்” என்று ஆபீசின் தலைமை எழுத்தரான பெரிய கிராணி சொல்லியிருந்தார்.

நான் வேலையில் சேர்ந்த அந்த ஆண்டே அண்ணன் போய்விட்டார். மூன்று நாள் காய்ச்சல். ஆஸ்பத்திரிக்குக் கொண்டுபோக லாரி கேட்டோம். ஊரடங்கு, ஆறு மணிக்குத்தான் கேட் திறக்கும் என்றார்கள். ஐந்து மணிக்கே முடிந்துவிட்டது. அன்று கார்த்திகை அமாவாசை. வேலிக்கு வெளியே, பழைய மரங்களின் ஓரத்தில் இருந்த இடுகாட்டில் புதைத்தோம். அண்ணிக்குப் பிள்ளை இல்லை. எனக்கு இனி நீதான் என்றெல்லாம் பேசுகிறவரும் இல்லை. மறுவாரம் வேலைக்குப் போனார். திரும்பி வந்து எனக்குச் சோறு போட்டார்.

வேலிக்குள்ளே சாயங்காலம் சங்கு ஊதியபிறகு செய்வதற்கு ஒன்றும் இருக்காது. நான் ஒரு நாட்டை எழுத ஆரம்பித்தேன். அங்கே யானை அளவு தும்பிகளின் மேல் தூதர்கள் போவார்கள். மழையில் கரையாத உப்புக் கோட்டை ஒன்று உண்டு. எழுத எழுத, யார் எப்போது எங்கே போனார்கள் என்பது எனக்கே குழம்பியது. நாட்டுக்கு நாள்கள் வேண்டும் என்று தெரிந்தது. சித்திரை, வைகாசி அங்கே செல்லாது. ஜனவரி, பிப்ரவரியும் செல்லாது. இரண்டுமே எங்கேயோ இருந்து கப்பலேறி வந்தவை. எனக்குத் தெரிந்த மரத்தைப் பார்த்தே மாதங்களுக்குப் பெயர் வைத்தேன். மொட்டை, செந்தளிர், பூ, பிஞ்சு என்று போகும். ரப்பர்க்காய் வெயிலில் வெடித்துக் கூரைமேல் விதை தெறிக்கும் மாதத்துக்குக் காய்வெடி. அதற்குப் பின்னால் தூறல், பெருமழை, சேறு.

நாட்டுக்கு இரண்டு நிலா வைத்தேன். மாதத்தின் நடுவில் வெள்ளை நிலா. கடைசி நாளான இருபத்தெட்டில் கறுப்பு நிலா. நம் அமாவாசையில் நிலாவே இருக்காது, அங்கே அன்றைக்குக் கறுப்பாக ஒரு நிலா உதிக்கும். அந்த ஒரு நாள் மட்டும் இறந்தவர்கள் வீட்டுக்கு வந்து, உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டுப் போவார்கள். யாரை நினைத்து அதை எழுதினேன் என்று எவரிடமும் சொல்லவில்லை. சொல்ல முடியாது. வெளியே நான் வேறு ஆளாக நடமாடிக்கொண்டிருந்தேன். சிரம்பானுக்குப் போனபோது கேட்ட பகுத்தறிவுக் கூட்டங்கள் இரண்டு என் தலையில் ஏறியிருந்தன. திருநீறு பூசுவதை விட்டிருந்தேன், அதை எல்லாருக்கும் தெரியும்படி விட்டிருந்தேன்.

உண்மையான நிலா ஒரு சுற்றுக்கு இருபத்தொன்பதரை நாள் எடுக்கும் என்று பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறேன். அந்த அரை நாள் எனக்கு அசிங்கமாகப் பட்டது. என் நிலாக்கள் சொன்ன சொல் கேட்டன.

அந்தக் காலண்டரைச் சுவரில் ஒட்டியதற்கு முந்தின நாள் எனக்கும் அண்ணிக்கும் ஒரு பேச்சு நடந்தது. புரட்டாசி அமாவாசை. இடுகாட்டுக்குச் சோறு கொண்டுபோவதற்கு எங்கள் துரை ஒரு சலுகை கொடுத்திருந்தார். கோயில் கமிட்டிக்காரர்கள் போய்க் கெஞ்சி வாங்கியது. அமாவாசை அன்றைக்கு மட்டும், கேட்டில் சொல்லிவிட்டு, ஆளுக்கு ஒரு மங்கு சோறு கொண்டுபோகலாம். மங்கு என்றால் மரத்தில் பால் பிடிக்கக் கட்டும் சின்னக் கிண்ணம். கூடவே மலாய்க் காவலர் ஒருவர் துப்பாக்கியோடு வருவார். காக்கைகள் கடைசிப் பருக்கையைத் தின்று முடிக்கும்வரை நின்று பார்த்துவிட்டுத்தான் திரும்புவார். மூத்த பெண்களை அவர் மரியாதையாகக் ‘கக்காக்’ என்று கூப்பிடுவார். மலாயில் அக்கா என்று அர்த்தம். எங்கள் பெண்களுக்கு அது வேறு மாதிரிக் காதில் விழும். “நம்மளயே காக்கான்னு கூப்புடுறான் பாருடி, நம்ம தின்னு முடிச்சாத்தான் போவான் போல” என்று சிரித்துக்கொண்டே நடப்பார்கள்.

அண்ணி என்னையும் கூப்பிட்டார்.

“தம்பி, ஒரு எட்டு வந்துட்டுப் போ. ஆம்பள கையால வச்சா அதுக்கு ஒரு மருவாதி.”

“அண்ணன் காக்காவாத்தான் வருவாரா அண்ணி? உசுரோட இருந்தப்ப மனுசனா இருந்தவரு, இப்ப ஏன் எச்சி பொறுக்க விடுறீங்க?”

அண்ணி மங்கைத் துணியால் மூடினார். “சரி. இனிமே ஒன்னக் கேக்கல” என்றார்.

அப்படியே கேட்கவில்லை. வரச் சொல்லியும் கேட்கவில்லை, அமாவாசை என்றைக்கு என்றும் கேட்கவில்லை.

மறுநாள் ஆபீசில் வீணாகிப்போன பெரிய காகிதம் ஒன்றைக் கொண்டுவந்து, பின்பக்கத்தில் கட்டம் போட்டேன். அன்றைக்கு என் நாட்டில் பெருமழை மாதத்தின் முதல் நாள் என்று வைத்துக்கொண்டேன். மாதத்துக்கு நாலு வரிசை, வரிசைக்கு ஏழு கட்டம். நடுவில் வெறும் வட்டம், கடைசிக் கட்டத்தில் மை அப்பிய கறுப்பு வட்டம். சாயங்காலம் ஆனால் ஒரு கட்டத்தைப் பென்சிலால் கோடு போட்டு அடிப்பேன். இங்கே ஒரு நாள் போனால் அங்கேயும் ஒரு நாள். ஒட்டுவதற்குப் பசை இல்லாமல் நின்றபோது, அண்ணிதான் சட்டி ஓரத்தில் காய்ந்திருந்த சோற்றை வழித்து நீட்டினார்.

“இந்தா, மூலைக்கு ஒரு பருக்க. ரேஷன் சோறு, பாத்து ஒட்டு. உன் நாட்டுலயும் அரிசிக்கு ரேஷன் உண்டா?”

“இல்லண்ணி.”

“வேலியும் கேட்டும்?”

“அதுவும் இல்ல.”

“அப்ப ஒரு எடம் புடிச்சி வையி. நானும் வாரேன்.”

பக்கத்து வீட்டு மாமா வாசலில் நின்று எட்டிப் பார்த்தார். எனக்கு வாசித்துக் காட்டப் பெருமை. மாதங்களைச் சொன்னேன், கடைசியில் பிரட்டு இல்லாத நாளையும் சொன்னேன்.

“அப்ப மத்த நாளெல்லாம் பிரட்டு உண்டுங்கிற?” என்றார் மாமா.

நான் யோசித்திருக்கவே இல்லை.

“டேய் படிச்சவனே, சும்மா கற்பனையிலகூட முந்நூத்தி அறுவத்தி நாலு நாளு எங்கள பிரட்டுல நிக்க வச்சிட்டியேடா! நீ கிராணியாத்தான்டா வருவே.”

அண்ணி வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார். அண்ணன் போனபிறகு அவர் அப்படிச் சிரித்து நான் பார்த்தது அப்போதுதான்.

சிரிப்பு அடங்கியபிறகு அடுப்பு ஊதப் போனவர் திரும்பிச் சுவரைப் பார்த்தார். அண்ணிக்கு எழுத்துத் தெரியாது. ஆனால் வட்டம் தெரியும். சிரம்பான் கடைக்காரர்கள் ஆண்டுதோறும் கொடுக்கும் காலண்டரில் கறுப்பு வட்டம் போட்டிருந்தால் அமாவாசை, வெள்ளை வட்டம் போட்டிருந்தால் பௌர்ணமி. படிக்காதவர்கள் எல்லாரும் அப்படித்தான் காலண்டர் பார்த்தார்கள். அந்த ஆண்டு எங்களுக்குக் கிடைத்தது கூரை ஒழுகி நனைந்து கூழாகிவிட்டது.

“இந்தக் கறுப்பு என்ன தம்பி?”

“அமாவாச அண்ணி” என்றேன், தலையைத் தூக்காமல்.

‘என் நாட்டுல’ என்று சேர்த்திருக்க வேண்டும். இரண்டே சொல். அப்போது நான் தும்பியின் இறக்கையில் எத்தனை நரம்பு என்று எழுதிக்கொண்டிருந்தேன்.

பெருமழை மாதம் முடிந்து முதல் கறுப்பு வட்டம் வந்தது. இருபத்தெட்டு நாளுக்கும் இருபத்தொன்பதரை நாளுக்கும் இடையே பெரிய வித்தியாசமில்லை. வட்டம் சரியாகத் தீபாவளி அன்றைக்கு விழுந்தது. தீபாவளி அமாவாசையை ஒட்டி வரும் என்பது எல்லாருக்கும் தெரியும். அண்ணி எண்ணெய் தேய்த்துக்கொண்டே சுவரைப் பார்த்து, “பரவால்லியே, சரியாத்தான் இருக்கு” என்றார். என் நாட்டைப் பாராட்டுகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

அடுத்து சேறு மாதம். அது முடியும்போது என் கறுப்பு நிலா உண்மையான அமாவாசைக்கு மூன்று நாள் முன்னால் போய் நின்றது. அந்த மாதம் முழுக்க மழை. பத்து நாளாக யாரும் வானத்தைப் பார்க்கவில்லை. பார்த்தாலும் வேலி விளக்குகளின் வெளிச்சம்தான் கண்ணில் அடிக்கும். அண்ணனின் முதல் திதி நெருங்குகிறது என்று எனக்குத் தெரியும். எந்தத் தேதி என்றும் தெரியும். ஏனென்றால் கேட்டில் ஒட்டியிருந்த அமாவாசைப் பட்டியலை, பெரிய கிராணியின் பஞ்சாங்கத்தைப் பார்த்து டைப் அடித்தவனே நான்தான். தெரிந்தும் வாயைத் திறக்கவில்லை. திறந்தால் வரச் சொல்வாரோ என்று, அந்த நாள் பேசாமல் கடந்து போகட்டும் என்று இருந்தேன். அண்ணியோ சுவரில் என் பென்சில் கோடுகள் கறுப்பு வட்டத்தை நோக்கி ஒவ்வொரு கட்டமாக நகர்வதைப் பார்த்துக்கொண்டிருந்திருக்கிறார். ரேஷனில் தன் பங்கைக் குறைத்துக் குறைத்து அரிசி சேர்த்திருக்கிறார். அந்த வாரம் அவர் சரியாகச் சாப்பிடவில்லை என்று நான் கவனித்தேன். ஏன் என்று கேட்கவில்லை.

அன்று காலை மழை விட்டிருந்தது. ஆனால் மரமெல்லாம் ஈரம், பட்டை காயாமல் சீவ முடியாது என்று பிரட்டைத் தள்ளிவைத்துவிட்டார்கள். நான் ஆபீசுக்குக் கிளம்பும்போது அண்ணி தலைக்குக் குளித்துக்கொண்டிருந்தார். அடுப்பில் சோறு கொதித்தது. மத்தியானத்துக்கு என்று எண்ணிக்கொண்டேன். ஆபீஸ், கேட்டுக்கு எதிரிலேயே இருந்தது. உட்கார்ந்து டைப்ரைட்டர் உறையைக் கழற்றிக்கூட இருக்க மாட்டேன், பெரிய கிராணி உள்ளே வந்தார்.

“ஏம்பா, ஓடு. கேட்ல உங்க அண்ணிய நிறுத்தி வச்சிருக்கான்.”

ஓடினேன். அண்ணி வெள்ளைச் சேலையில், ஈரத்தலையோடு நின்றார். எதையும் ஒளித்துக் கொண்டுபோகவில்லை. இரண்டு கையாலும் நெஞ்சுக்கு நேராக மங்கை ஏந்திக்கொண்டுதான் கேட்டுக்கு வந்திருக்கிறார். பெண்களைச் சோதனை போடக் கேட்டில் இருந்தவள் அண்ணியின் சேலை மடியிலிருந்து மற்றவற்றை எடுத்து மேசையில் வைத்திருந்தாள். அண்ணனுக்குப் பிடித்த சுட்ட கருவாடு இலையில் மடித்தது. இரண்டு சுருட்டு. தீப்பெட்டி. அமாவாசைக்குக் கருவாடா என்று கேட்பவர்கள் கேட்கட்டும், எங்கள் வழக்கத்தில் செத்தவருக்குப் பிடித்ததை வைப்போம். அந்த மேசையில் அடுக்கி வைத்தபோதுதான் எனக்கே தெரிந்தது: சோறு, கருவாடு, புகையிலை, நெருப்பு. காட்டில் இருக்கும் ஒருவனுக்கு யாராவது கொண்டுபோவதாக இருந்தால் சரியாக இவற்றைத்தான் கொண்டுபோவார்கள்.

மலாய்க் காவலர் பட்டியலைத் தட்டிக் காட்டினார். பிறகு அண்ணியைப் பார்த்து, வருத்தமாகத்தான், மரங்களுக்கு மேலே விரலை நீட்டினார். “புலான் அடா லாகி லா, கக்காக்.” நிலா இன்னும் இருக்கே அக்கா. மேகம் ஒரு இடத்தில் கிழிந்திருந்தது. அந்தக் கிழிசலில், நகத்தை வெட்டிப் போட்டதுபோல, தேய்பிறையின் கடைசிக் கீற்று வெளுத்துத் தெரிந்தது. பிறை பார்த்து நோன்பு பிடிக்கிறவர் அவர். அவருக்குத் தெரிந்தது.

அண்ணி நிமிர்ந்து பார்த்தார். ரொம்ப நேரம் பார்த்தார்.

அதற்குள் போலீஸ் ஜீப்பில் வெள்ளைக்கார அதிகாரி வந்துவிட்டார். இங்கிலீஷ் தெரிந்த ஆள் யார் என்றார். எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். இந்தப் பெண் யாருக்கு இதைக் கொண்டுபோகிறாள் என்று கேட்கச் சொன்னார். நான் கேட்டேன்.

“என்ன தம்பி, ஒனக்குத் தெரியாதா? ஒங்க அண்ணனுக்குத்தான். இன்னிக்கு அமாவாசதான? உன் காலண்டர்லதான பாத்தேன். நேத்தோட எல்லாக் கட்டத்தையும் அடிச்சிட்டே, கறுப்புதான பாக்கி. தீவாளிக்கு எப்புடிச் சரியா வந்துச்சு! சொல்லு தம்பி, தம்பி எழுதின காலண்டருன்னு சொல்லு.”

அதிகாரி என் வாயைப் பார்த்தார். எனக்குப் பின்னால் பெரிய கிராணி நின்றார். என் தலைக்குள் இரண்டு காகிதங்கள் பக்கத்தில் பக்கத்தில் தொங்கின. ஒன்று கேட்டில் ஒட்டியிருந்த பட்டியல். என் டைப்ரைட்டரில் ஓர் எழுத்து எப்போதும் வரிக்கு மேலே ஏறி நிற்கும், அதிலும் ஏறி நின்றது. இன்னொன்று வீட்டுச் சுவரில். இல்லாத நாட்டின் பெயர், யாருக்கும் புரியாத மாதங்கள், கறுப்பும் வெள்ளையுமாக வட்டங்கள், நாள்தோறும் அடித்த கோடுகள். அதைப் பார்த்தால் இவர்கள் என்ன நினைப்பார்கள் என்று யோசித்தேன். சின்னக் கிராணி வேலையையும் யோசித்தேன். எதை முதலில் யோசித்தேன் என்று நேர்மையாகச் சொல்ல வேண்டுமானால், வேலையைத்தான்.

“இந்தப் பெண் இன்றைக்கு அமாவாசை என்று தவறாக எண்ணிவிட்டாளாம், சார்” என்று இங்கிலீஷில் சொன்னேன். என் அண்ணி என்று சொல்லவில்லை.

“நா அவ்வளவு சொன்னேனே தம்பி, நீ ரெண்டு வார்த்தையில முடிச்சிட்டே?”

“இங்கிலீஷ்ல அவ்வளவுதான் அண்ணி” என்றேன்.

அண்ணி நம்பினார். இங்கிலீஷ் சிக்கனமான பாஷை என்று நினைத்திருப்பார். ஜீப்பில் ஏறும்போதுகூட, “அடுப்புல மிச்சச் சோறு இருக்கு, மூடி வையி, பூன வந்துரும்” என்றுதான் சொன்னார்.

ஜீப் திரும்பியதும் பெரிய கிராணி என் தோளருகே வந்து, வேறு எங்கோ பார்த்துக்கொண்டு, “வீட்ல ஏதாச்சும் காகிதம் கீகிதம் கெடந்தா பாத்துக்கப்பா. வருவானுங்க” என்றார்.

வீட்டுக்குப் போனேன். காலண்டரைப் பிய்த்தேன். சோற்றுப்பசை நன்றாகப் பிடித்திருந்ததால் மூலைகள் வரவில்லை. நகத்தால் சுரண்டினேன். அண்ணி வைத்துவிட்டுப் போன அடுப்பில் தணல் இன்னும் இருந்தது. காகிதத்தைப் போட்டு ஊதினேன். எரிந்து முடிந்தபிறகு சோற்றை மூடி வைத்தேன். இது அண்ணிக்கும் நல்லதுதான், அந்தக் காகிதம் கிடைத்தால் இன்னும் பெரிய வழக்காகிவிடும் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். அதில் கொஞ்சம் உண்மை இருந்தது. அந்தக் கொஞ்சத்தை வைத்துத்தான் மற்றதை மூடினேன்.

மத்தியானம் ஒரு சார்ஜண்டும் இரண்டு காவலர்களும் வந்தார்கள். பெட்டியைக் கவிழ்த்தார்கள், பாயை உதறினார்கள். பிறகு சுவருக்கு வந்தார்கள். அதற்குத்தான் வந்திருக்கிறார்கள் என்று பிறகே புரிந்தது. ஸ்டேஷனில் அவர்களுடைய மொழிபெயர்ப்பாளர் எதையும் விடாமல் சொல்கிற ஆள் போலிருக்கிறது. சுவரில் காலண்டர் இருக்கிறது, அதைப் பார்த்துத்தான் போனேன், வேண்டுமானால் போய்ப் பாருங்கள் என்று அண்ணி அவரிடம் சொல்லியிருக்கிறார்.

சுவரில் நாலு மூலையில் நாலு வெள்ளைத் தடம்.

“இங்க என்ன இருந்துச்சு?” என்றார் சார்ஜண்ட். தமிழர்தான்.

“சாமி படம் சார். பழசு. கிழிஞ்சிருச்சு” என்றேன். திருநீறு பூசாத நெற்றியோடு சொன்னேன்.

“காலண்டரு?”

“எங்க வீட்ல காலண்டர் இல்ல சார்.”

அவர் எழுதிக்கொண்டு போனார்.

மூன்று நாள் கழித்து உண்மையான அமாவாசை வந்தது. அண்ணி அன்று லாக்கப்பில் இருந்தார். பட்டியலில் தேதி இருந்தது. ஒரு மங்கு சோற்றுக்கு அனுமதி இருந்தது. நான் ஆபீசில் உட்கார்ந்து ஜன்னல் வழியாகக் கேட்டைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பக்கத்து வீட்டு மாமா பிரட்டு முடிந்து போகிறபோது ஜன்னலருகே நின்றார்.

“போவலியா?”

“வேல இருக்கு மாமா.”

“சட்டப்படி கொண்டு போலாமே. நீ டைப் அடிச்சதுதான ஒட்டியிருக்கு.”

நான் டைப் அடிக்கத் தொடங்கினேன். சோறு ஏந்திக்கொண்டு அந்தக் கேட்டில் போய் நிற்கும் துணிச்சல் எனக்கு இல்லை. அண்ணனின் முதல் திதிக்கு யாரும் போகவில்லை. காக்கைகள் இடுகாட்டுக்கு வந்தனவா என்று எனக்குத் தெரியாது.

கோலா பிலா கோர்ட்டில் நான் கடைசி பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். சலுகை நாள் இல்லாத நாளில் சோறு கொண்டுபோனது ஒரு குற்றம். சலுகையில் இல்லாத பொருள்களை மடியில் வைத்திருந்தது இன்னொன்று. காலண்டர் இருப்பதாகச் சொல்லி விசாரணையைத் திசைதிருப்பியதாகவும் போலீஸ் தரப்பில் சொன்னார்கள். ஏன் அப்படிச் செய்தாய் என்று கேட்டபோது, அண்ணி காலண்டரைப் பற்றி எதுவும் சொல்லவில்லை.

“நாளு தெரியாமப் போச்சுங்க” என்றார்.

மூன்று மாதம் கொடுத்தார்கள். முடிந்து வந்தபோது தோட்டத்துக்குள் விட முடியாது என்று துரை எழுதிவிட்டார். அந்தக் கடிதம் என் மேசைக்கு வந்தது. டைப் அடித்துக் கொடுத்தேன். அதற்குள் நான் சின்னக் கிராணி ஆகியிருந்தேன்.

அண்ணி லுக்குட்டில் தன் தம்பி வீட்டுக்குப் போய்விட்டார். அவர் தம்பிக்கு அங்கே ஒரு பட்டறையில் வேலை. அண்ணி கடைத்தெருவில் காய்கறி விற்றார். நான் மாதம் ஒருமுறை போவேன். போகும்போதெல்லாம், “வா தம்பி, எளச்சிட்டியே, சாப்புடு” என்பார். சாப்பிடுவேன். எழுதுகிறாயா என்று கேட்பார். இல்லை என்பேன். சேறு மாதத்துக்குப் பிறகு என் நாட்டில் ஒரு நாளும் விடியவில்லை.

இப்படி மூன்று ஆண்டு போயிற்று. எங்கள் பக்கத்தில் கெடுபிடி தளர்ந்துவிட்டது, அரிசிக்கு அளவு இல்லை என்று அறிவித்தார்கள். அந்த வாரம் நான் போயிருந்தேன். அண்ணி பந்தலடியில் உட்கார்ந்து கீரை ஆய்ந்துகொண்டிருந்தார். எதிரே கடைக் காலண்டர் தொங்கியது, கறுப்பு வட்டம், வெள்ளை வட்டம்.

“இது சரியா வருது தம்பி. ஆனா உன்னுது மாதிரி இல்ல” என்றார். “ஒன்னுதுல கறுப்பெல்லாம் ஒரே வரிசையில நிக்கும். பாக்க லட்சணமா இருக்கும்.”

என்னால் அதற்குமேல் முடியவில்லை. “அத நான்தான் எரிச்சேன் அண்ணி” என்றேன்.

“எத?”

“அந்தக் காலண்டர. ஜீப் போனதும் வீட்டுக்கு வந்து பிச்சு எரிச்சிட்டேன். கேட்லயும் நீங்க சொன்னத நான் சொல்லல. இங்கிலீஷ்ல அவ்வளவுதான்னு சொன்னது பொய்.”

அண்ணி கீரைத்தண்டை ஒடித்தார். இன்னொன்றை ஒடித்தார். பட்டறையில் யாரோ இரும்பை அடிக்கும் சத்தம் கேட்டது.

“அன்னிக்கேவா?”

“ஆமாண்ணி.”

“போலீசு போய்ப் பாத்துட்டு வந்து, சொவத்துல ஒண்ணுமில்ல, பொய் சொல்றியான்னு அந்தச் சார்ஜண்டு கேட்டான். ரெண்டு நாளும் அதையே கேட்டான்.” அவர் குரல் உயரவில்லை. “நா அது தானா விழுந்திருக்கும்னு நெனச்சேன். சோத்துப் பசதான. மழைக்கு எளகியிருக்கும், காத்து எங்கயாவது தூக்கிட்டுப் போயிருக்கும், பாவம் தம்பி தேடியிருக்கும்னு நெனச்சேன். இத்தன நாளும் அப்படித்தான் நெனச்சேன்.”

ஆய்ந்த கீரையை அள்ளிக்கொண்டு உள்ளே போனார். வழக்கம்போல இலை போட்டார். வழக்கம்போல நிறையச் சோறு வைத்தார். நான் சாப்பிட்டேன். கை கழுவிவிட்டு, செருப்பைப் போட்டுக்கொண்டு, வருகிறேன் அண்ணி என்றேன்.

பதினோரு வயதிலிருந்து எனக்குச் சோறு போட்டவர். அதுவரை ஒரு நாளும் என்னை வா, போ என்பதைத் தவிர வேறு விதமாகச் சொன்னதில்லை.

“சரிங்க” என்றார். “பாத்துப் போங்க.”